துறைமுகத்துப் பெரிய மனுஷர்கள்

ஊத்துமலைத் தோட்டத்தில் துரையை விட்டுவிட்டுப் பார்த்தால் பெரிய மனுஷர்கள் என்று இரண்டு பேர்தான். ஒருவர் கண்டாக்கையா கணேசமூர்த்தி. மலையில் வேலை வாங்குவதும், ஆபீசில் துரையின் காதுக்குப் பக்கத்தில் நிற்பதும் அவர்தான். இன்னொருவர் பெரிய கங்காணி கந்தப்பன். கோட்டு, தலைப்பாகை, பையில் சங்கிலிக் கடிகாரம். மாரியம்மன் திருவிழாவில் முதல் விபூதி அவர் கைக்குப் போன பிறகுதான் மற்றவர்களுக்கு. இவர்கள் என்ன செய்து பெரிய மனுஷர்கள் ஆனார்கள் என்று கேட்டால் தொழிலாளிகள் குடியிருக்கிற லயத்தில் ஒருவருக்கும் சொல்லத் தெரியாது. மழை பெய்கிற மாதிரி அதுவும் ஒரு நடப்பு என்று இருந்துவிட்டார்கள்.

காளியாயிக்கு மட்டும் தெரியும். அவளுடைய அண்ணன் சிவசாமியின் பெண்சாதி பேச்சியம்மா தலைப்பிரசவத்துக்கு வலியெடுத்துத் துடித்த அன்று, ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக தோட்டத்து லொறியைக் கேட்டு ஓடினான் சிவசாமி. லொறியில் தேயிலைப் பெட்டிகளை அடுக்கிக்கொண்டிருந்தார்கள். கணேசமூர்த்தி அப்போது வெறும் கணக்கப்பிள்ளை. பெட்டி முதலில் றொசல்ல ஸ்டேசனுக்குப் போகட்டும், கூட்ஸ் வண்டியைத் தவறவிட்டால் துரை கொன்றுவிடுவார், வந்து பார்க்கலாம் என்றார். லொறி பெட்டிகளை இறக்கிவிட்டுத் திரும்பி வந்தது. அதற்குள் தாயும் போய்விட்டாள், பிள்ளையும் போய்விட்டது. பிள்ளையைத் தாயின் கைக்குள் வைத்து ஒரே குழியில் புதைத்தார்கள்.

புதைத்துவிட்டு வந்த கையோடு சிவசாமி போய் லொறிக்கு முன்னால் ரோட்டில் உட்கார்ந்தான். யாரையும் அடிக்கவில்லை, ஒரு வார்த்தை ஏசவில்லை. உட்கார்ந்திருந்தான், அவ்வளவுதான். அதற்குத் தோட்டம் கொடுத்த பரிசு பத்துச்சீட்டு. வேலைப் பதிவில் பேரை வெட்டி, எல்லைக்குள் கால் வைத்தால் பொலிஸ் என்று சொல்லித் துரத்தினார்கள். கங்காணி கந்தப்பன் தானே நின்று அவனுடைய சட்டி பானையை ரோட்டில் எடுத்து வைத்தார். கணேசமூர்த்திக்குக் கொஞ்ச நாளில் கண்டாக்கு உத்தியோகம் வந்தது. பெட்டி நேரத்துக்குப் போய்ச் சேர்ந்ததல்லவா!

இவர்கள் பெரிய மனுஷர்களான கதை இதுதான். காளியாயி இதை மறந்த நாள் கிடையாது.

தந்தி வந்த அன்று அவள் மலையில் கொழுந்தெடுத்துக்கொண்டிருந்தாள். காவல்காரன் வந்து ஆபீசுக்குக் கூப்பிட்டான். தொழிலாளிகள் ஆபீஸ் படியில் ஏறக் கூடாது, முன்னால் ஓடுகிற தண்ணீர்க் காணுக்கு அந்தப் பக்கமே நிற்க வேண்டும். கூடையும் இடுப்பில் சாக்குமாக அவள் அங்கே நின்றாள். கண்டாக்கையா விறாந்தையில் நாற்காலியில் இருந்தார். பக்கத்தில் கங்காணி.

"ஒங்கண்ணன் சிவசாமி செத்துப்போயிட்டானாம். கொழும்பு துறைமுகத்திலேருந்து தந்தி. வியாழக்கெழம ரயில்ல பொணத்தக் கொண்டாறாங்களாம்."

கொழுந்து நிறுக்கும்போது ராத்தல் எடையைச் சொல்வாரே, அந்தக் குரலில் சொன்னார். காளியாயி கூடையை இறக்கினாள். இந்த இரண்டு பேருக்கு முன்னால் அழுதால் அண்ணனுக்கு அவமானம் என்று அழுகையை அடக்கினாள். அண்ணனை மதினிக்குப் பக்கத்தில் புதைக்க வேண்டும், அதற்கு உத்தரவு வேண்டும் என்று கேட்டாள். அவன் அவளிடம் எப்போதும் கேட்டிருந்தது அது ஒன்றைத்தான்.

கண்டாக்கையா சிரிக்கக்கூட இல்லை. பேர் வெட்டின ஆள் உயிரோடு வந்தாலும் பிணமாக வந்தாலும் பேர் வெட்டின ஆள்தான் என்றார். துரையிடம் இதைக் கேட்கவே முடியாதாம். வேண்டுமானால் வட்டவளைப் பக்கம் எங்கேயாவது இடம் பார்த்துக்கொள்ளட்டுமாம். அதோடு நிறுத்தியிருக்கலாம். அவன் இந்தத் தோட்டத்து ஆளும் இல்லை, பிரஜாவுரிமைக் கடுதாசி இல்லாததால் சட்டப்படி பார்த்தால் இந்த நாட்டு ஆளும் இல்லை என்று ஒரு வார்த்தையைச் சேர்த்தார்.

"மண்ணுக்கு மேல இருக்கத்தான் கடுதாசி கேட்டாங்க, சரிங்க. மண்ணுக்குக் கீழ படுக்கவுமாங்கய்யா கடுதாசி?" என்றாள் காளியாயி.

வாயைப் பார் என்றார் கங்காணி. சொல்லிக்கொண்டே தந்தியை எட்டிப் பார்த்தவர், அதில் இன்னும் என்னவோ எழுதியிருக்கிறதே என்று கேட்டார். கண்டாக்கையா மறுபடி படித்தார். கூட வருகிறவர்களுக்காக ரயிலில் தனிப் பெட்டி ஒன்று பதிவு செய்திருப்பதாக எழுதியிருந்தது. இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். தனிப் பெட்டி என்றால் சும்மாவா? துரைமார்கூட முதல் வகுப்பில் ஒரு ஆசனம்தான் எடுப்பார்கள்.

யார் வருகிறார்கள் என்று கண்டாக்கையா அவளிடம் கேட்டார். குரலில் ஏற்கெனவே கொஞ்சம் தேன் கலந்திருந்தது.

காளியாயிக்கு அவர்களைத் தெரியாதா? ஒருவரையும் கண்ணால் பார்த்ததில்லை, ஆனால் எல்லாரையும் தெரியும். தோட்டம் துரத்திய பிறகு கொழும்புத் துறைமுகத்தில் பாரம் தூக்கப் போன சிவசாமி, லீவு கிடைத்தபோதெல்லாம் ரயிலேறி றொசல்லைக்கு வருவான். தோட்டத்துக்குள் வர முடியாது, ஆகவே ஸ்டேசன் பெஞ்சியிலேயே உட்கார்ந்திருப்பான். அவள் இறங்கிப் போய்ப் பக்கத்தில் இருப்பாள். அடுத்த ரயில் வரும்வரை அவன் பேசுவதெல்லாம் துறைமுகத்துப் பெரிய மனுஷர்களைப் பற்றித்தான். பைஸர் நானா என்று ஒருவர், அவர் கை அசையாமல் ஒரு பெட்டியும் கப்பலேறாது. வின்ச் கம்பி இரண்டு விரலை எடுத்த பிறகும் அந்தக் கைக்குத்தான் துறைமுகம் அடங்கும். ரபீக்கா என்று ஒரு அம்மா. அவர் சோறு போடாவிட்டால் பாதித் துறைமுகம் பட்டினி. காசில்லை என்று சொன்னவனை இதுவரை எழுப்பி அனுப்பியதில்லை. பியதாச என்று ஒரு சிங்கள அண்ணன். பாரந்தூக்கியின் உச்சியில் இருந்துகொண்டு, கீழே நிற்கிறவன் தலையில் ஒரு தூசி விழாமல் கப்பல் சரக்கை இறக்குவார். காய்ச்சலில் சிவசாமி கிடந்தபோது தோளில் போட்டுக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடியவரும் அவர்தான். லொறியெல்லாம் கேட்கவில்லை.

அவள் இதைத்தான் சொன்னாள். பைஸர் நானா கை அசைக்காமல் துறைமுகத்தில் பெட்டி ஏறாது என்றாள். ரபீக்கா அம்மாவின் சோற்றில்தான் அங்கே பாதிப் பேர் சீவிக்கிறார்கள் என்றாள். ஒரு எழுத்துப் பொய் கிடையாது. ஆனால் பெரிய மனுஷனுக்குப் பெரிய மனுஷன் என்றால் காரில் வருகிறவன்தானே? கப்பல் கம்பெனி முதலாளிகள் என்று இரண்டு பேரும் தாங்களாகவே முடிவு கட்டினார்கள். கங்காணியின் மகன் படித்துவிட்டு ஹட்டனில் சும்மா திரிகிறான். அவனுக்குத் துறைமுக ஆபீசில் ஒரு வேலை என்கிற எண்ணம் அவர் முகத்தில் ஏறி உட்கார்ந்ததை அவள் பார்த்தாள். திருத்திச் சொல்ல வாயெடுத்தாள். அண்ணனை நினைத்து மூடிக்கொண்டாள்.

அன்று சாயங்காலமே துரை உத்தரவு கொடுத்துவிட்டார். கேட்கவே முடியாது என்று சொன்ன அதே வாய் போய்க் கேட்டு வாங்கி வந்தது. புதைப்பதற்கு ஓடைக்குக் கீழே இருக்கிற புது மயானத்தில் நல்ல இடமாகப் பார்த்துக் குழி வெட்டச் சொல்லியாயிற்று என்று கண்டாக்கையா ஆள் அனுப்பினார்.

புது மயானம். பேச்சியம்மா அங்கே இல்லை. அவளைப் புதைத்த பழைய மயானம் மேலே ஸ்டேசனைப் பார்த்த சரிவில் இருந்தது. நல்ல மண், வெயில் படுகிற இடம், தேயிலைக்குத் தோதாக இருக்கும் என்று துரை கண் வைத்தார். சனங்களுக்கு இதில் ஆட்சேபம் உண்டா என்று ஒரு பேச்சுக்குக் கேட்டார். ஒருவருக்கும் ஆட்சேபம் இல்லை என்று எல்லாருக்கும் சேர்த்துக் கங்காணியே சொல்லிவிட்டார். அவர் வீட்டுப் பெரியவர்களைப் புதைத்தது வேறு இடம், சிமெண்டு கட்டி, கம்பி வேலி போட்டு. மற்றவர்களின் மேடுகளை மட்டமாக்கிக் கன்று நட்டார்கள். இப்போது அது ஆறாம் நம்பர் மலை. செடிகள் இடுப்பளவு வந்து, இரண்டு வருஷமாகக் கொழுந்து எடுக்கிறார்கள்.

காளியாயியும்தான் எடுக்கிறாள். எடுக்காமல் நிரையில் ஒரு செடியைத் தாண்டினால் கங்காணி கத்துவார். மதினி கிடக்கிற இடம் எதுவென்று சரிவின் மேலே கிடக்கிற மேட்டுக் கல் பாறையையும் ஓடை வளைவையும் வைத்து அவளுக்குக் கண்ணை மூடிக்கொண்டே தெரியும். அந்தச் செடிக்கு வரும்போது, மன்னிச்சிரு மதினி என்று சொல்லிவிட்டுத்தான் கை வைப்பாள். அண்ணனுக்கு இது தெரியாது. ஸ்டேசன் பெஞ்சியிலிருந்து அவன் அந்தச் சரிவையே பார்த்துக்கொண்டிருப்பான். நல்லாப் பச்சையா இருக்கே என்று ஒருமுறை கேட்டான். மானாப்புல் மண்டிப்போச்சு என்று அவள் சொன்னாள். நல்லதுதான், குளிர்ச்சியா இருக்கும் என்றான் அவன். அன்றைக்கு அவள் மலையேறி வந்த வழி முழுக்க அழுதாள்.

உத்தரவு வாங்கியாயிற்று, குழியும் வெட்டியாயிற்று என்றால் இனி என்ன பேசுவது? முதலில் அண்ணன் எல்லைக்குள் வரட்டும் என்று இருந்தாள்.

அதற்குப் பிறகு தோட்டத்தில் நடந்த கூத்தைச் சொல்ல வேண்டும். லயத்துக் கூரை ஒழுகுகிறது என்று வருஷக்கணக்காகச் சொல்லிக் களைத்துப்போயிருந்தார்கள். இப்போது சுண்ணாம்பு வாளியோடு ஆட்கள் வந்தார்கள். ரோட்டைப் பார்த்த சுவருக்கு மட்டும் அடித்தார்கள். பின்பக்கச் சுவர் முதலாளிமாருக்குத் தெரியாதாம். உடைந்து கிடந்த பீலிக் குழாயில் தண்ணீர் வந்தது. துரைமார் கிளப்பிலிருந்து மெத்தை நாற்காலிகள் வந்து காளியாயி வீட்டு வாசலில் இறங்கின. அவள் இடுப்பில் கைவைத்து நின்று பார்த்தாள். ஒரு மனுஷன் செத்தால்தான் இவர்கள் சுண்ணாம்பு அடிப்பார்கள் என்றால், இந்த லயத்தில் எத்தனை பேர் செத்திருக்கிறார்கள், அப்போதெல்லாம் இந்த வாளி எங்கே இருந்தது?

வியாழக்கிழமை மத்தியானம் றொசல்ல ஸ்டேசனில் கண்டாக்கையா கோட்டும் டையுமாக நின்றார். கங்காணி புதுத் தலைப்பாகை கட்டி, ஹட்டனிலிருந்து வரவழைத்த ரோசாப்பூ மாலையைத் தட்டில் வைத்திருந்தார். சாவுக்கு வருகிறவர்களுக்கு ரோசாப்பூ மாலை போடலாமா என்று ஒருவரும் கேட்கவில்லை. தப்படிக்கிறவர்கள் தள்ளி நின்றார்கள். காளியாயி லயத்துப் பெண்களோடு வேலியோரம் நின்றாள்.

ரயில் வந்து நின்றது. முதல் வகுப்புப் பெட்டியிலிருந்து வெள்ளை சூட்டும் தொப்பியுமாக ஒரு கனத்த ஆள் இறங்கிச் சோம்பல் முறித்தார். கங்காணி பாய்ந்து போய் மாலையைப் போட்டார். கண்டாக்கையா குனிந்து கைகொடுத்து, பெரிய இழப்பு என்று இங்கிலீசில் ஆரம்பித்தார். அந்த மனுஷன் நுவரெலியாவில் குதிரைப் பந்தயம் பார்க்கப் போகிறவர். எதிர்வண்டிக்காக இங்கே ரயில் நிற்கும் என்று கால் நீட்ட இறங்கியிருக்கிறார். இந்த ஊர் வழக்கம் இதுவாக்கும் என்று நினைத்தாரோ என்னவோ, சந்தோஷமாகத் தொப்பியைத் தூக்கிக் காட்டிவிட்டு மாலையோடேயே மறுபடி ஏறிக்கொண்டார்.

அதற்குள் கடைசிப் பெட்டியிலிருந்து ஆட்கள் இறங்கத் தொடங்கினார்கள். மூன்றாம் வகுப்புப் பெட்டி. சாரம் கட்டியவர்கள், அரைக் காற்சட்டைக்காரர்கள், செருப்பில்லாத கால்கள், உப்புக்காற்றில் கருத்த முகங்கள். தலையில் முக்காடிட்ட ஒரு அம்மா பெரிய சோற்று அண்டாவோடு இறங்கினார். மலைக்குளிர் பழகாமல் ஆளாளுக்குக் கழுத்தில் துவாயைச் சுற்றியிருந்தார்கள். சாமான் பெட்டியிலிருந்து சவப்பெட்டியை அவர்கள் இறக்கிய விதத்தைப் பார்த்தபோதே காளியாயிக்கு அழுகை உடைந்துவிட்டது. ஒரு சத்தம் இல்லை, ஒரு ஆட்டம் இல்லை. முன்னால் நின்று இரண்டு விரல் இல்லாத கையால் சைகை காட்டினாரே, அவர்தான் பைஸர் நானா என்று ஒருவரும் சொல்லாமலே தெரிந்தது.

அவரும் அவளைக் கண்டுகொண்டார். நேரே வந்து, "காளியாயி தங்கச்சிதானே? அவன் சொல்லிச் சொல்லி ஒங்கள எங்களுக்குத் தெரியும்," என்றார். ரபீக்கா அம்மா அண்டாவை வைத்துவிட்டு அவளைக் கட்டிக்கொண்டார்.

கண்டாக்கையா இன்னும் ரயிலையே பார்த்துக்கொண்டிருந்தார். முதலாளிமார் எங்கே என்று கேட்டார். நாங்கதான் என்றார் பைஸர். இன்னும் யாராவது காரில் வருகிறார்களா என்று கங்காணி கேட்டார். யாரும் இல்லை, துறைமுகத்தில் வேலை செய்கிற நாங்கள் ஒரு நாள் சம்பளத்தைப் போட்டு ரயில்பெட்டி பிடித்து வந்தோம் என்று பியதாச சிங்களத்தில் சொன்னார். கண்டாக்கையாவின் முகம் போன போக்கு! தானாகவே ஏமாந்தோம் என்று அவருக்குத் தோன்றவில்லை, கூலிகள் சேர்ந்து தன்னை ஏமாற்றிவிட்டார்கள் என்றே தோன்றியது.

சவத்தைத் தூக்கிக்கொண்டு ஏறினார்கள். தோட்டத்து எல்லையில் ஒரு இரும்புக் கேட்டு. அதற்குள் கண்டாக்கையா குறுக்குப் பாதையால் முன்னே வந்து, காவல்காரனை வைத்துக் கேட்டைச் சாத்திவிட்டார். மூச்சு வாங்க நின்றார். உத்தரவு கொடுத்தது பெரிய மனுஷர்களுக்கு, கண்டவர்கள் உள்ளே வர அல்ல என்றார். பேர் வெட்டின ஆள் உள்ளே வர முடியாது என்பதையும் மறக்காமல் சொன்னார்.

தப்புச் சத்தம் நின்றது. சவப்பெட்டி தோள்களில் இருந்தது. காளியாயி பேச முன்னே வந்தாள். பைஸர் அவளைக் கையால் அமர்த்திவிட்டு, ஆத்திரமே இல்லாத குரலில் கேட்டார்:

"ஐயா, ஊத்துமலை மார்க் போட்ட தேயிலைப் பெட்டி வாரத்துக்கு வாரம் எங்கட கைக்கு வருது. அது வந்தா சிவசாமி வேற ஒருத்தனையும் தொட விடமாட்டான், தங்கச்சி ஆய்ஞ்ச கொழுந்துன்னு சொல்லித் தானே தூக்குவான். இனி அவன் இல்ல, நாங்கதான் தூக்கணும். இந்தப் பெட்டி இங்க எறங்காட்டி, அந்தப் பெட்டி அங்க ஏறாது. தொரைக்கிட்ட இதச் சொல்லிப்போட்டு வாங்க. நாங்க நிக்கிறோம்."

பின்னால் நின்ற அத்தனை பேரும் சவப்பெட்டியைத் தோள் மாற்றிக்கொண்டார்கள். எவ்வளவு நேரமானாலும் நிற்பார்கள் என்று பார்த்த உடனே தெரிந்தது. பாரம் சுமந்து நிற்பது அவர்களுக்குப் புதிதா?

கண்டாக்கையா பங்களாவுக்கு ஓடினார். ஆமாம், ஓடினார். டை தோளில் கிடந்து பறந்தது. ஒருவனைத் தடுத்து நிறுத்தத்தான் அவருக்குத் தெரியும் என்று நினைத்திருந்த லயத்துச் சனங்கள், அவருக்கு ஓடவும் தெரியும் என்று அன்று கண்டார்கள். பேச்சியம்மா துடித்த அன்று அந்தக் கால்கள் இப்படி ஓடியிருந்தால் என்று காளியாயி நினைத்தாள்.

திரும்பி வந்தவர் கேட்டைத் திறந்துவிடச் சொன்னார். கங்காணி இதற்குள் சுதாரித்துக்கொண்டு, ஊர்வலத்துக்கு முன்னால் போய் நடக்க ஆரம்பித்தார். முன்னால் நடப்பது அவருக்குப் பழக்கம்.

பாதை பிரிகிற இடம் வந்தது. கீழே போனால் ஓடை, புது மயானம். மேலே போனால் ஆறாம் நம்பர் மலை. பெண்கள் சவத்தோடு இந்த முச்சந்தி வரைக்கும்தான் வருவது, அதற்கு மேல் போவது வழக்கமில்லை. லயத்துப் பெண்கள் நின்றார்கள். கங்காணி கீழ்ப்பாதையில் திரும்பினார்.

காளியாயி நிற்கவில்லை. சவப்பெட்டிக்கு முன்னே போய் பைஸரிடம், "நானா, எங்க மதினி அங்க இல்ல. இங்க மேல இருக்கா," என்றாள்.

அவர் ஒரு கேள்வி கேட்கவில்லை. இரண்டு விரல் இல்லாத கையை உயர்த்தி மேலே காட்டினார். சவப்பெட்டி அப்படியே திரும்பியது. கீழ்ப்பாதையில் கங்காணி மட்டும் கொஞ்ச தூரம் தனியாகப் போய்விட்டுத் திரும்பிப் பார்த்தார்.

ஆறாம் நம்பர் மலையில் நிரைகளுக்கு நடுவே புகுந்து மேட்டுக் கல்லுக்குப் பக்கத்தில் அவள் நின்றாள். இந்த இடம்தான் என்றாள். எல்லாரும் பார்த்தார்கள். அங்கே சமாதியும் இல்லை, மேடும் இல்லை, தளதளவென்று தேயிலைதான் நின்றது. ரபீக்கா அம்மா முக்காட்டை வாயில் வைத்துக்கொண்டார். காளியாயி, கீழே புதுக் குழி வெட்டிவிட்டு ஊர்வலத்தோடு சேர்ந்துகொண்ட ஆட்களைக் கூப்பிட்டு மம்மட்டியையும் அலவாங்குக் கடப்பாரையையும் வாங்கினாள். தோட்டத்தில் ஒரு தேயிலைச் செடியைப் பிடுங்கினால் அன்றைக்கே பத்துச்சீட்டு. சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த சட்டம் அது. அவள் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு அலவாங்கை முதல் செடியின் தூரில் இறக்கினாள்.

வேர் லேசில் விடவில்லை. பியதாச வந்து கைகொடுத்தார். செடி சாய்ந்தபோது கண்டாக்கையாவும் கங்காணியும் நிரைகளுக்குள் விழுந்தடித்து வந்து சேர்ந்தார்கள்.

"என்ன காரியம் பண்ற நீ? எத்தன செடி புடுங்கப் போற? ஒன் பேரு இன்னைக்கே வெட்டுதான்," என்று கத்தினார் கண்டாக்கையா.

காளியாயி அலவாங்கை ஊன்றிக்கொண்டு நிமிர்ந்தாள். இத்தனை காலம் அண்ணனிடம் மறைத்ததெல்லாம் அவள் வாய்க்கு வந்தது.

"வெட்டுங்கய்யா. எங்கண்ணன் பேர வெட்டினீங்க, எம்பேரயும் வெட்டுங்க. ஆனா செடிய எண்ணாதீங்க, ஆள எண்ணுங்க. இதுக்குக் கீழ எங்க மதினி கெடக்குறா, கையில புள்ளையோட. ஒங்க லொறி பெட்டி எறக்கிட்டு வர்றதுக்குள்ள போனவ. அவ மேல நட்டு, அவளத் தின்னு வளந்த கொழுந்த என் கையாலயே பறிக்க வச்சீங்க."

கண்டாக்கையா வாயைத் திறந்தார். அதற்குள் பின்னால் கொலுசுச் சத்தமும் காலடிச் சத்தமும் கேட்டன. முச்சந்தியில் நின்ற பெண்கள் மேலே வந்துவிட்டார்கள். வழக்கத்தை யார் மீறச் சொன்னது என்று கேட்க அங்கே ஆள் இல்லை. நாகலெட்சுமி என்ற கிழவி முதலில் நிரைக்குள் புகுந்தாள். நாலு செடி தள்ளிப் போய் ஒன்றின் தலையில் கை வைத்தாள்.

"இங்க எம்புருசன்," என்றாள்.

அடுத்த நிரையில் ராசம்மா நின்றாள். தன் மூத்த மகன் இது என்றாள். இன்னொருத்தி ஆத்தா என்றாள், இன்னொருத்தி தங்கச்சி என்றாள். நாள்தோறும் கொழுந்துக்குப் போகிறபோது நிரை பிடிப்பது போல ஆளுக்கொரு செடியாகப் போய் நின்றுகொண்டார்கள். சத்தம் போட்டு அழவில்லை. பேரை மட்டும் சொன்னார்கள். எல்லாரும் தனித்தனியாக இத்தனை நாளும் மனதுக்குள் சொல்லிக்கொண்டிருந்த பேர்கள் அவை. தனக்கு மட்டும்தான் இந்த வேதனை என்று நினைத்திருந்த காளியாயி பேர் வந்த பக்கமெல்லாம் திரும்பித் திரும்பிப் பார்த்தாள்.

பேர்கள் மேட்டிலிருந்து ஓடை வளைவு வரைக்கும் போயின. ஆட்சேபம் இல்லை என்று அன்று எல்லாருக்கும் சேர்த்துச் சொன்ன கங்காணி தலைப்பாகையைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டார். கண்டாக்கையா விலகி நிற்க இடம் தேடி, கால் வைக்கிற இடமெல்லாம் யாராவது ஒருத்தி ஒரு பேரைச் சொல்ல, கடைசியில் அசையாமல் நின்றார்.

காளியாயி அலவாங்கை அடுத்த செடியின் தூரில் இறக்கினாள்.